டின் கோழி

எங்கள் வீட்டுக் கூரையில் செருகி வைத்திருந்த இரும்பு டோஸ்டர் உங்களுக்கெல்லாம் நினைவிருக்கும். இரண்டு நீளக் கைப்பிடிகள், முனையில் உள்ளங்கை அகலத்துக்கு இரண்டு தகடுகள். ரொட்டியை நடுவில் வைத்து மூடி நெருப்பில் காட்டினால் இரண்டு பக்கமும் கோடு கோடாகச் சிவந்து வரும். நம் வளவில் முப்பது வீடுகள் இருந்தன. அப்படி ஒரு சாமான் வேறு யாரிடமும் இல்லை. நோம்பி நாட்களில் பன் வாங்கிக்கொண்டு வந்து, அதில் சுட்டுத் தரச் சொல்லி எங்கள் வாசலில் நின்றிருக்கிறீர்கள். வெள்ளைக்காரர் என் அம்மாவின் கைப்பக்குவத்தை மெச்சிக் கொடுத்த பரிசு என்று உங்களிடம் சொல்லி வைத்திருந்தேன். நீங்களும் நம்பினீர்கள்.

போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் உங்களில் ஒருத்தி என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "ஏம் புள்ளெ, அந்த வெள்ளைக்காரன் குடுத்த டோஸ்டரு இன்னும் இருக்குதா, இல்ல பழைய இரும்புக்குப் போட்டுட்டீங்களா?"

சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்தபின் அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. உங்களில் பெரும்பாலோர் எட்டாவதோடு பனியன் கம்பெனிக்குப் போய்விட்டீர்கள். காலேஜ் வரை போனவள் நான் ஒருத்திதான். என் குடும்பத்தில் கைநாட்டு வைக்காமல் கையெழுத்துப் போட்ட முதல் ஆள் நான். அந்தப் பெருமை எனக்கு உண்டு, அதை மறைக்கப் போவதில்லை. ஊரார் எழுத்தையெல்லாம் திருத்துவதே வேலையாக இருக்கிறவள், தான் சொன்ன பொய்யைத் திருத்தாமல் விட்டால் எப்படி?

ஐந்தாவது முடித்த கோடை விடுமுறை அது. கருமத்தம்பட்டியில் மழை பெய்து பல மாதங்கள் ஆகியிருந்தன. ரோட்டுக்கு அந்தப் பக்கம் விசைத்தறிகள் பகல் முழுக்க அடித்துக்கொண்டிருக்கும். அந்தச் சத்தம் நின்றால்தான் ஏதோ நடந்துவிட்டது போலத் திடுக்கிடுவோம். அம்மா பங்களா வீட்டில் வேலை செய்தாள். பங்களா என்று நாம் சொல்வோமே, தறியிலிருந்து பனியன் ஏற்றுமதிக்குப் போன குடும்பம், வெள்ளை மொசைக் போட்ட மாடி வீடு. அங்கே மாட்டுக்கட்டுத்தரை, வாசல், பின்னால் போட்டு வைக்கும் பாத்திரங்கள், இவை அம்மாவின் வேலை. அம்மாவின் எல்லை துவைக்கிற கல். அதைத் தாண்டி வீட்டுப் பக்கம் ஓரடி வைக்க மாட்டாள். அம்மா தேய்த்து வைத்த பாத்திரங்கள் மேல் சமையக்காரம்மா ஒரு குடம் தண்ணீர் ஊற்றி அலசிய பிறகுதான் அவை உள்ளே போகும். பாத்திரம் அழுக்காக இருப்பதால் அலசுகிறார்கள் என்று வெகுநாள் நினைத்திருந்தேன். "இன்னும் நல்லாத் தேயும்மா" என்று அம்மாவிடம் சொல்லியும் இருக்கிறேன். அம்மா இன்னும் அழுத்தித் தேய்ப்பாள்.

என்னிடம் ஒரு டிக்சனரி இருந்தது. அழகான கையெழுத்துக்குப் பரிசாக டீச்சர் கொடுத்தது, ஆங்கிலம் தமிழ். அட்டை கிடையாது. ஏ எழுத்து முழுக்கக் கிழிந்து போய், பி-யிலிருந்துதான் தொடங்கும். ஏ-யில் தொடங்குகிற எந்தச் சொல்லுக்கும் அன்று எனக்கு அர்த்தம் தெரியாது. மற்ற எழுத்துகளில் என்னோடு யாரும் போட்டிக்கு வர முடியாது என்று நினைத்துக்கொண்டு திரிந்தேன். அம்மா பாத்திரம் தேய்க்கும்போது நான் துவைக்கிற கல்லில் உட்கார்ந்து சத்தமாகப் படிப்பேன். உள்ளே இருக்கிறவர்களுக்குக் கேட்க வேண்டும் என்பதற்காகவே சத்தமாகப் படிப்பேன்.

அது சின்னம்மணிக்குக் கேட்டது. அந்த வீட்டு மருமகள். ஊட்டியில் கான்வென்ட்டில் படித்தவர். ஒருநாள் கையில் ஒரு இங்கிலீஷ் பத்திரிகையோடு பின்வாசலுக்கு வந்தார். பளபளவென்று ஒரு பக்கம் முழுக்க ரொட்டிப் படம். நடுவிலிருந்து மஞ்சளாக ஏதோ உருகி வழிந்துகொண்டிருந்தது.

"இது என்னன்னு படி பாக்கலாம்" என்று ஒரு சொல்லைத் தொட்டுக் காட்டினார்.

"கிரில்" என்றேன்.

"அட! அர்த்தம்?"

பக்கங்களைப் புரட்டினேன். "நெருப்பில் வாட்டு."

சின்னம்மணி சிரித்தார். அம்மா கரிக்கையோடு எழுந்து நின்றுவிட்டாள். என் படிப்பை அந்த வீட்டில் ஒருவர் பார்த்தது அதுதான் முதல் தடவை.

அம்மா அன்றைக்கே கேட்டுவிட்டாள். அவிநாசி ரோட்டு இங்கிலீஷ் மீடியம் பள்ளியில் ஆறாவதுக்கு ஒரு இடம். அந்தப் பள்ளிக் கமிட்டியில் முதலாளி இருந்தார், சின்னம்மணியின் கணவர். அவர் ஒரு லெட்டர் கொடுத்தால் உள்ளே விடுவார்கள். கொடுக்காவிட்டால் நம்மை வாசல் கேட்டிலேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

"நெலம் காடு கேக்கலீங்க அம்மணி. ஒரு காயிதம். அவ்வளவுதானுங்க."

"பையர் வர்றாரு" என்றார் சின்னம்மணி. பனியன் ஆர்டர் கொடுக்க வருகிற வெள்ளைக்காரரை அந்த வீட்டில் அப்படித்தான் சொல்வார்கள். "போன வருசம் வந்தப்ப பிரியாணி வெச்சு வயித்தக் கெடுத்துட்டோம். திரும்பிப் போயி ஆர்டரை வேற கம்பெனிக்குக் குடுத்துட்டாரு. இந்த வாட்டி அவருக்குப் புடிச்ச மாதிரி செய்யோணும்னு இருக்கேன். அது நல்லபடியா முடியட்டும். எங்க ஊட்டுக்காரருகிட்டச் சொல்லி நானே வாங்கித் தாரேன்."

அன்று முதல் எங்கள் வீட்டில் பேச்சு அந்த லெட்டரைப் பற்றித்தான். அம்மா அதை எங்கே பத்திரப்படுத்துவது என்றுகூட முடிவு செய்துவிட்டாள்: சாமி படத்துக்குப் பின்னால், எலி எட்டாத உயரத்தில்.

பையர் வருகிற நாள் காலையில் நானும் அம்மாவோடு போயிருந்தேன். அடுப்பங்கரையில் சத்தம். சமையக்காரம்மா முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு பின்வாசலுக்கு வந்து நின்றார்.

"நானு மாசாணியம்மனுக்கு நேந்திருக்கறேனுங்க அம்மணி. கறி தொட மாட்டேனுங்க."

"நேத்துக் கோழி அறுத்தீங்கல்ல?"

"அது நேத்துங்க. இன்னீக்கு நேந்திருக்கறேன்."

பொய் என்று எனக்கே தெரிந்தது. சின்னம்மணி கையைப் பிசைந்தார். முதலாளி பையரை அழைத்துவர விமான நிலையத்துக்குப் போய்விட்டார். மாமியார், அதாவது பெரிய பண்ணாடிச்சி, பூசையறையில் இருந்தார். (நிலக்காரர்களை நம் வளவில் பண்ணாடி என்போம். காங்கேயத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவர் அவர். அந்த வீட்டுக் கூடத்தில் அவர் மாமனார் படத்தைவிட, பிறந்த வீட்டிலிருந்து அவரோடு வந்த காளைச்சோடியின் படம் பெரிதாகத் தொங்கும்.) சின்னம்மணி பூசையறைப் பக்கம் ஒருமுறை பார்த்தார். துவைக்கிற கல்லைப் பார்த்தார்.

"காலக் கழுவிட்டு உள்ள வா" என்றார் அம்மாவிடம்.

அம்மாவுக்குப் புரியவில்லை. தன் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தாள்.

"உன்னத்தான். சீக்கிரம்."

அம்மா மூன்று தடவை காலைக் கழுவினாள். நான் ஒரு தடவை கழுவிவிட்டு அவளுக்கு முன்னால் உள்ளே போய்விட்டேன். அடுப்பங்கரைத் தரை வழவழவென்று சில்லென்று இருந்தது. அம்மா வெந்நீரில் இறங்குகிறவளைப் போல விரலை முதலில் வைத்துப் பார்த்து, பிறகு பாதம் வைத்தாள்.

மேடையில் ஒரு டின். பேரிக்காய் வடிவம். சின்னம்மணியின் அண்ணன் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்தது. பக்கத்தில் ஒட்டியிருந்த சாவியில் தகட்டின் நுனியைக் கோத்துச் சுருட்டிக்கொண்டே போனால் திறக்கும். திறந்ததும் கூழ் போல ஏதோ மினுங்கியது. அதற்குள் கறி; ரோஸ் நிறம், பச்சைக் குழந்தையின் உள்ளங்கால் போல. உப்பும் இனிப்பும் புகையும் கலந்த வாசனை.

அம்மா குனிந்து மோந்து பார்த்தாள். விரலால் அழுத்தினாள். "பந்தி" என்றாள் வாய்க்குள்.

எங்கள் வீட்டில் பேசும் தெலுங்கில் அதற்குப் பன்றி என்று அர்த்தம். மாரியம்மன் நோம்பி முடிந்த மறுநாள் நம் வளவில் பந்தி அடித்துக் கூறு போடும்போது, ஏழெட்டு வீட்டுக்கு அறுத்துக் கொடுக்கிற கை என் அம்மாவுடையது.

வாசலில் நின்ற சமையக்காரம்மா காதில் அது வேறாக விழுந்தது. "பந்திக்கு இன்னும் நேரமிருக்குது. வெள்ளைக்காரரே வரலியாமா, அதுக்குள்ள இவளுக்குப் பந்தி கேக்குது பாரு!"

அம்மாவும் நானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். அந்த வீட்டில் எங்கள் இருவருக்கும் மட்டும் தெரிந்த ஒரு சிரிப்பு அது. அப்படி ஒன்று அதற்கு முன்பும் இல்லை, பின்பும் இல்லை.

சின்னம்மணி எங்கள் பக்கம் குனிந்து மெல்லச் சொன்னார். "இதுக்குப் பேரு ஹாம். யாரு கேட்டாலும் டின் கோழின்னு சொல்லோணும். அத்தை காதுல வேற எதும் உழுகக் கூடாது. தெரிஞ்சுதா?"

அம்மா தலையாட்டினாள். நான் டின்னைத் திருப்பி எழுத்தைப் பார்த்தேன். மூன்றே எழுத்து. பின்வாசலுக்கு ஓடி, கல்லில் வைத்திருந்த டிக்சனரியில் தேடினேன். எச் பக்கங்கள் முழுதாக இருந்தன. 'பன்றியின் தொடை, உப்பிட்டுப் பதப்படுத்தியது.' அம்மா மூக்கால் கண்டுபிடித்ததை நான் புத்தகத்தில் கண்டுபிடித்தேன். எனக்கு என் கண்டுபிடிப்புதான் பெரிதாகத் தெரிந்தது. தொடை என்பதுவரை எனக்குத்தானே தெரியும்!

பிறகு வேலை தொடங்கியது. சின்னம்மணி பத்திரிகையைப் பார்த்துப் படித்துச் சொல்வார், அம்மா செய்வாள். ரொட்டியின் ஓரத்தை வெட்டி எடுக்க வேண்டும். வெட்டிய ஓரங்களை அம்மா எனக்கென்று ஒதுக்கி வைத்தாள். ஹாமை மெல்லிசாக அறுக்க வேண்டும் என்றார். துண்டின் வழியாகக் கத்தி தெரிகிற அளவுக்கு அம்மா அறுத்தாள். சின்னம்மணி ஒரு துண்டைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "மெஷின்ல வெட்டுனாப்பல இருக்குது" என்றார். கடுகு விழுது வேண்டும் என்று போட்டிருந்தது. கடையில் விற்கிற கடுகு விழுது அந்த ஊரில் யாருக்குத் தெரியும்? கடுகை வினிகரில் ஊற வைத்து, துளி சர்க்கரை போட்டு, அம்மா அம்மியில் அரைத்தாள். நெடி ஏறி மூன்று பேருக்கும் கண்ணில் தண்ணீர். சின்னம்மணி மூக்கை உறிஞ்சிக்கொண்டே சிரித்தார்.

சீஸ் இன்னொரு டின்னில் இருந்தது. அதை மோந்து பார்த்த அம்மாவுக்கு அந்தப் பன்றிக்கறி எவ்வளவோ தேவலை என்றாகிவிட்டது. "பாலு கெட்டுப் போச்சுங்களே அம்மணி" என்றாள். துருவி வைக்கச் சொன்னதும் தேங்காயைப் போலத் துருவினாள்.

சின்னம்மணி டோஸ்டரில் வைத்துச் சுட்ட முதல் சாண்ட்விச் கருகியது. தீ அதிகம். இரண்டாவதில் சீஸ் டோஸ்டரின் ஓரத்தால் கசிந்து அடுப்பில் விழுந்து பொங்கியது. சின்னம்மணி கடிகாரத்தைப் பார்த்தார், அழுதுவிடுவார் போலிருந்தது. அம்மா டோஸ்டரை அவர் கையிலிருந்து மெல்ல வாங்கினாள். சீஸை ஓரம் வரை பரப்பாமல் நடுவில் குவித்தாள். அதன்மேல் ஹாம், ஹாமின்மேல் இன்னும் கொஞ்சம் சீஸ்; உருகினால் இரண்டும் ஒட்டிக்கொள்ளும் என்றாள். ரொட்டியின் வெளிப்பக்கம் வெண்ணெய் தடவினாள். தீயை அடக்கி, தகட்டைக் காதுக்கருகே கொண்டுபோய்க் கேட்டாள். சத்தம் சடசடவென்று இருந்தால் பொறு, சொரசொரவென்று மாறினால் திருப்பு. அதைப் பத்திரிகையில் போடவில்லை.

மூன்றாவது பொன்னிறமாக வந்தது. குறுக்காக வெட்டினால் நடுவில் சீஸ் நூல் நூலாக இழுத்தது. ஓரத்தில் உதிர்ந்த ஒரு மூலை எனக்குக் கிடைத்தது. அந்த மொறுமொறுப்பு, வெண்ணெய், உப்பு, மூக்கில் ஏறும் கடுகு. ஊர் ஊராக எத்தனையோ சாண்ட்விச் இதுவரை நான் சாப்பிட்டிருக்கிறேன். அந்த மூலைக்கு ஒன்றும் ஈடாகவில்லை. அம்மா ருசி பார்க்கவில்லை. யாரும் பார்க்கச் சொல்லவுமில்லை.

பையர் வந்தார். சிவந்த கழுத்து, பெரிய கைகள். அடுப்பங்கரைக் கதவு இடுக்கு வழியாகப் பார்த்தேன். முதல் கடியில் கண்ணை மூடினார். நான்கு துண்டு சாப்பிட்டார். யார் செய்தது என்று முதலாளியிடம் இங்கிலீஷில் கேட்டார்.

"மை ஒய்ஃப்" என்றார் முதலாளி.

எனக்கு அது புரிந்தது. திரும்பி அம்மாவிடம் சொன்னேன். அம்மா, "சரி, இருக்கட்டும்" என்றாள். அவள் முகம் மலர்ந்திருந்தது. அவள் கணக்கில் பையரின் வயிறு நிறைந்துவிட்டது, லெட்டர் வந்துவிட்டது.

பையரும் முதலாளியும் சாம்பிள் துணிகளைப் பார்க்க முன் அறைக்குப் போனார்கள். சாப்பாட்டு மேசையில் பெரிய பண்ணாடிச்சி இருந்தார். டின் கோழி என்று சொல்லி அவருக்கும் ஒரு தட்டு போயிருந்தது. முதல் துண்டைத் தின்று முடித்து, இரண்டாவதைக் கையில் எடுத்துக்கொண்டு, இன்னும் இருக்கிறதா என்று பார்க்க அவரே எழுந்து அடுப்பங்கரைக்கு வந்துவிட்டார். இதைச் சின்னம்மணி எதிர்பார்க்கவில்லை.

அம்மா அடுப்பு முன்னால் நின்றிருந்தாள். கையில் டோஸ்டர்.

"இவள யாரு உள்ள உட்டது?"

"அடுப்பு மேடையத் தேய்க்கக் கூப்புட்டேனுங்க அத்தை" என்றார் சின்னம்மணி. குரல் கேட்கவேயில்லை.

"அடுப்பத் தேய்க்க இவளா கெடச்சா? நடு ஊட்டுல கொண்டாந்து நிறுத்தீருக்கறே! பன்னி திங்கற கையி அது. அந்தக் கை பட்ட சட்டியில இனி எனக்குத் தண்ணி எறங்குமா?" என்று கேட்டுவிட்டு என்னைப் பார்த்தார். "குட்டி வேற. ரெண்டும் நாத்தம் அடிக்குது. போங்க அந்தப் பக்கம்."

அம்மா பின்வாசலை நோக்கி நகர்ந்தாள். நானும் நகர்ந்திருக்கலாம். நான் நினைத்துப் பார்க்காமல் சொல்லிவிட்டேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. ஆனால் நினைத்துப் பார்த்துத்தான் சொன்னேன். அந்தச் சொல் காலையிலிருந்து என் நாக்கில் இருந்தது.

"உங்க கையில இருக்கறதும் பன்னிதானுங்க" என்றேன். "ஹாம்னா பன்னித் தொடை. இங்கிலீஷ் டிக்சனரில போட்டிருக்குது."

அவர் வாய் மெல்லுவதை நிறுத்தியது. அந்தக் கணத்தில் எனக்கு இருந்த சந்தோஷத்தை என்னால் இன்றும் மறைக்க முடியாது. அந்த வயதான முகம் கோணிக்கொண்டு போனதை ஆசை தீரப் பார்த்தேன்.

சத்தம் கேட்டு முதலாளி வந்தார். பெரிய பண்ணாடிச்சி கையிலிருந்ததை நீட்டினார். "கண்ணு, நெசத்தச் சொல்லு. இது என்ன கறி? இந்தப் புள்ளை பன்னின்னு சொல்லுது."

முதலாளி மனைவியைப் பார்த்தார். மனைவி தரையைப் பார்த்தார். பிறகு இருவரும் சேர்ந்து என் அம்மாவைப் பார்த்தார்கள். அந்தப் பார்வையில் ஒரு வார்த்தையும் இல்லை. அம்மாவுக்கு வார்த்தை தேவைப்படவும் இல்லை.

"சாமி, என்ற புள்ளைக்கு இங்கிலீசு தெரியாதுங்க சாமி" என்றாள். "ஏ பி சி டி கூட ஒழுங்காத் தெரியாதுங்க. எங்கியோ பொறுக்குன கிழிஞ்ச பொஸ்தகத்த வெச்சுட்டு வாய்க்கு வந்தத ஒளறிட்டுத் திரியுதுங்க. அது கோழிதானுங்க. எங்களுக்குப் பன்னி வாசம் தெரியாதுங்களா?"

நான் அவளைப் பார்த்தேன். அவள் என் மேல்கையைப் பிடித்தாள். நகம் இறங்கியது.

"சொல்லு. தெரியாதுன்னு சொல்லு பண்ணாடிச்சிகிட்ட."

நகம் இன்னும் இறங்கியது.

"சொல்லு."

"எனக்கு இங்கிலீஷ் தெரியாதுங்க" என்றேன்.

அந்த அறையில் எல்லாரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டார்கள். முதலில் சிரித்தவர் பெரிய பண்ணாடிச்சிதான். "அதுதானே பாத்தேன்! இந்த வளவுப் புள்ளைக்கு இங்கிலீசு எங்கிருந்து வரும்?"

நம்ப வேண்டும் என்று அவர் எவ்வளவு ஆசைப்பட்டார் என்பது இப்போது புரிகிறது. அங்கேயே நின்றபடி கையிலிருந்த துண்டை முழுதும் தின்றார். விரலில் ஒட்டிய சீஸை நக்கினார்.

"நாட்டுக்கோழியாட்டம் சக்கையா இல்ல. மெதுமெதுன்னு நல்லாத்தான் இருக்குது இந்த டின் கோழி."

நாங்கள் வெளியே வந்த பிறகு அடுப்பங்கரையைக் கழுவினார்கள். கழுவச் சாணம் வேண்டுமே? கட்டுத்தரைக்குப் போய் சாணம் எடுத்து வந்தது அம்மா. தண்ணீர் சேந்திக் குடத்தைத் துவைக்கிற கல் வரை தூக்கி வந்ததும் அம்மா. அங்கிருந்து சமையக்காரம்மா எடுத்துக்கொண்டு போய், மஞ்சள் கலந்து, அம்மாவின் கால் பட்ட இடத்தையெல்லாம் தேய்த்துத் தேய்த்துக் கழுவினார். தன் தடத்தைக் கழுவத் தானே தண்ணீர் சுமந்தாள் என் அம்மா.

நாங்கள் வீட்டுக்குக் கிளம்பும்போது சின்னம்மணி டோஸ்டரையும் கத்தியையும் கல்லின்மேல் வைத்துவிட்டுப் போனார். கையில் கொடுக்கவில்லை. "இத நீயே எடுத்துக்க. இனி இந்த ஊட்டுல யாரும் இதத் தொட மாட்டாங்க." இதுதான் உங்களிடம் நான் சொன்ன பரிசு.

லெட்டர்? மறுநாள் காலை முதலாளி காரில் ஏறும்போது அம்மா எட்டத்தில் போய் நின்றாள். என்னையும் எண்ணெய் தேய்த்துத் தலை வாரிக் கூட்டிப் போயிருந்தாள். சின்னம்மணி வாசற்படியில் இருந்தார். ஆர்டர் கிடைத்துவிட்டதென்று வீடு முழுக்கத் தெரிந்திருந்தது.

"ஏனுங்க, அந்தப் பள்ளிக்கோடத்து லெட்டரு..." என்று அவரே தொடங்கினார். அதற்காக அவருக்கு நன்றி சொல்ல வேண்டும்.

முதலாளி கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். அவர் கண்ணில் சிரிப்பு இருந்தது. டின்னுக்குள் என்ன இருந்ததென்று அவருக்கும் நன்றாகத் தெரியும்.

"இங்கிலீஷ் மீடியத்துக்கா? நேத்து நீதானே சொன்னே, ஏ பி சி டி கூடத் தெரியாதுன்னு?"

தெரியும் என்று அம்மா எப்படிச் சொல்வாள்? நேற்றுச் சொன்னது பொய் என்றால் கோழியும் பொய். பெரிய பண்ணாடிச்சி உள்ளே வாசலுக்கு நேராக உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தார்.

"அங்க போனா புள்ளைக்குத்தான் செரமம். கவர்மெண்டுப் பள்ளிக்கோடமே போதும். அதுவும் வரலீன்னா நம்ம கம்பெனிக்கு அனுப்பு, பனியன்ல பிசிறு நூலு வெட்டட்டும்" என்றார். கார் போய்விட்டது. சின்னம்மணி தன் நகங்களைப் பார்த்துக்கொண்டு உள்ளே போனார்.

வழியெல்லாம் நான் அம்மாவுக்குப் பத்தடி முன்னால் நடந்தேன்.

அன்று பொழுதோடு அம்மா டோஸ்டரைச் சாம்பல் போட்டுத் தேய்த்தாள். ஹாம் டின்னையும் எடுத்து வந்திருந்தாள். மிளகாய் போட்டு வைக்க ஆகும் என்று. அதைக் கழுவித் துடைத்து, எழுத்து தெரிகிற பக்கத்தை என்னை நோக்கித் திருப்பிப் பிடித்தாள். சமாதானம் பேச அவளுக்குத் தெரிந்த வழி அது.

"இதுல என்ன போட்டிருக்குது? படி, கேக்கறேன்."

"எனக்குத்தான் இங்கிலீஷ் தெரியாதே" என்றேன்.

அவள் டின்னைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். பிறகு டின்னில் மிளகாயைக் கொட்டினாள்.

அன்றோடு விட்டிருந்தால் அதைக் குழந்தைத்தனம் என்று சொல்லலாம். நான் விடவில்லை. வெளியூர்ப் பஸ் போர்டு, உரமூட்டை, மாத்திரை அட்டை, எதை நீட்டினாலும் அதே பதில். "எனக்குத் தெரியாது." பத்தாவதில் இங்கிலீஷில் பள்ளிக்கே முதலாவதாக வந்தபோதும், காலேஜில் இங்கிலீஷ் இலக்கியம் எடுத்தபோதும் அவளுக்கு மட்டும் அதே பதில். கவர்மெண்டுப் பள்ளியில் தமிழில் படித்து, ஏ எழுத்தே இல்லாத டிக்சனரியை வைத்துக்கொண்டு இவ்வளவு தூரம் வந்தேன் என்று மேடைகளில் சொல்லியிருக்கிறேன். கைதட்டினார்கள். அம்மா கேட்பதை எப்போது நிறுத்தினாள் என்பதை மட்டும் நான் கவனிக்கவில்லை.

கல்யாண வீட்டிலிருந்து திரும்பிய அன்று அம்மா வாசலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். கையில் ஒரு தைல பாட்டில். ஆஸ்பத்திரியில் கொடுத்தார்களாம். எந்த வலிக்குக் கொடுத்தது, எங்கே தடவுவது என்று மறந்துவிட்டாள். நான் செருப்பைக் கழற்றிவிட்டுக் கையை நீட்டினேன்.

"குடும்மா, படிச்சுச் சொல்றேன்."

"உனக்கெதுக்குக் கண்ணு செரமம்? உனக்குத்தான் தெரியாதே" என்றாள். கேலி இல்லை, கோபமும் இல்லை. வெயில் அடிக்கிறது என்று சொல்வது போலச் சொன்னாள். பக்கத்து வீட்டு மூன்றாவது படிக்கும் சிறுமியைக் கூப்பிட்டுப் பாட்டிலைக் கொடுத்தாள்.

அந்தச் சிறுமி ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்துப் படித்தாள். "கே... என்... ஈ... ஈ... கினீ."

"கினீன்னா என்ன சாமி?"

"தெரியலீங் ஆயா."

இங்கிலீஷ் எம்.ஏ. படித்த நான் இரண்டடி தள்ளி நின்றிருந்தேன். திருத்தவில்லை.

அம்மா மூடியைத் திறந்து மோந்து பார்த்தாள். "என்னமோ கினீ" என்று சொல்லிவிட்டு, சேலையை மேலே சுருட்டிக்கொண்டு, இரண்டு முழங்காலிலும் அழுத்தித் தேய்க்கத் தொடங்கினாள்.